பரணில் கிடக்கும் டிவி கேம் கேசட்டைத் தூக்கிப் போடுவதற்கு முன்

தொண்ணூறுகளில் சென்னையில் வளர்ந்தவர்கள் வீட்டுப் பரணில் பெரும்பாலும் ஒரு மஞ்சள் கேசட் இருக்கும். மேலே ஒட்டிய தாளில் ‘9999999 இன் 1’ என்று அச்சடித்திருப்பார்கள். ஒன்பதுகளை எண்ணவே பொறுமை வேண்டும். டிவியில் போட்டால் பட்டியல் முடியாமல் ஓடும். ஏழெட்டு விளையாட்டு தாண்டியதும் அதே மாரியோ வேறொரு பெயரில், மூன்றாவது லெவலில் இருந்து தொடங்குவார். எத்தனை விளையாட்டு என்று நம்மை ஏமாற்றிய அந்தப் பட்டியலையும் சேர்த்துப் பத்திரப்படுத்துவது எப்படி என்றுதான் இங்கே எழுதுகிறேன்.

அசல் மாரியோவைப் பற்றிக் கவலை வேண்டாம். அது மொத்தமே 40 கேபி, காலையில் வரும் வாட்ஸப் குட் மார்னிங் படத்தைவிடச் சின்னது. உலகம் முழுக்கப் பலரிடம் பிசகில்லாத பிரதி இருக்கிறது. ஆனால் எல்லா விளையாட்டுக்கும் அந்த யோகம் இல்லை. அமெரிக்காவின் வீடியோ கேம் ஹிஸ்டரி ஃபவுண்டேஷன் 2023இல் வெளியிட்ட ஆய்வின்படி, அந்நாட்டில் 2010க்கு முன் வந்த விளையாட்டுகளில் 87 சதவீதத்தை இன்று கடையில் காசு கொடுத்து வாங்க வழியில்லை. அதே ஆண்டு மார்ச் 27இல் நின்டெண்டோ தன் 3டிஎஸ், வீ யூ என்ற இரண்டு கேம் பெட்டிகளுக்குமான இணையக் கடையை மூடியது. அங்கே மட்டும் விற்ற விளையாட்டுகளை அதன்பின் புதிதாக யாரும் வாங்க முடியவில்லை.

நம் ஊர்ச் சங்கதி இன்னும் மோசம். இங்கே பெரும்பாலோர் விளையாடியது நின்டெண்டோவின் 1983ஆம் ஆண்டு ஃபேமிகாம் பெட்டியை நகலெடுத்த பெட்டிகளில்தான். சேகா பெட்டியை இந்தியாவில் விற்றது ஷா வாலஸ், மதுபானத்துக்குப் பேர்போன கம்பெனி! இப்படிப்பட்ட நம்மூர் வரலாறு ஜப்பான்காரரிடமும் இருக்காது, அமெரிக்கரிடமும் இருக்காது. அதனால் புதிதாக இறங்குபவருக்கு நான் சொல்வது ஒன்றுதான்: உலகம் ஏற்கெனவே காப்பாற்றியதை மறுபடி காப்பாற்ற மெனக்கெடாதீர்கள், இங்கே மட்டும் கிடைப்பதைத் தேடிப் பிடியுங்கள். விளையாட்டின் பிரதியை எடுப்பதோடு, அது என்ன, எங்கே, யாரிடம் இருந்தது என்பதையும் எழுதி வையுங்கள்.

சட்டம் பற்றிச் சுருக்கமாக

நான் வக்கீல் இல்லை. இந்தியப் பதிப்புரிமைச் சட்டம், 1957, பிரிவு 52(1)(ஏஏ)இன்படி, கணினி நிரலின் ஒரு பிரதியை முறையாக வைத்திருப்பவர், அது தொலைந்தோ கெட்டோ போனால் பயன்படுமே என்று காப்புப் பிரதி எடுக்கலாம். எடுத்த பிரதியை இணையத்தில் ஏற்றி ஊருக்கெல்லாம் கொடுக்க அது அனுமதி தரவில்லை. 2012 திருத்தத்தில் வந்த 65ஏ பிரிவு, உரிமையை மீறும் நோக்கத்தோடு பாதுகாப்புப் பூட்டை உடைப்பதைக் குற்றமாக்குகிறது. மஞ்சள் கேசட் தொடக்கத்திலேயே திருட்டுச் சரக்கு என்பதால் ‘முறையாக வைத்திருப்பவர்’ என்று நாம் மார்தட்ட முடியாது. என் வழக்கம் இதுதான்: கேசட்டின் படம், சர்க்யூட் போர்டின் படம், அளவு, ஹேஷ் எண் (கோப்பின் கைரேகை மாதிரி, பின்னால் சொல்கிறேன்), மெனுவில் என்னென்ன இருக்கிறது என்ற குறிப்பு இவற்றை மட்டும் பகிர்வேன். விளையாட்டுக் கோப்பை எங்கும் ஏற்ற மாட்டேன்.

தேடுவது

போகிக்கு ஒரு வாரம் முன்பு சொந்தக்காரர்கள் வீட்டுக்கு ஒரு சுற்றுப் போய் வாருங்கள். பரணைக் காலி செய்யும் நேரம் அது. பழைய பாய், உடைந்த ஃபேனோடு சேர்த்து டிவி கேம் பெட்டியையும் வாசலில் வைத்திருப்பார்கள். பல்லாவரம் வெள்ளிக்கிழமைச் சந்தையும் நல்ல இடம், ஆனால் வெயில் ஏறுவதற்குள் போய்விட வேண்டும். அங்கே ஒரு கடைக்காரரிடம், “அண்ணே, பழைய கேசட் ஏதாவது இருக்கா?” என்றேன். “இளையராஜாவா, எம்எஸ்வியா?” என்று கேட்டார். அதிலிருந்து கையில் ஒரு மாதிரி கேசட்டை எடுத்துக்கொண்டு போய்க் காட்டித்தான் கேட்கிறேன்.

பிளேஸ்டேஷன் 2 டிஸ்க் குவியல் கிடைத்தால் ஒவ்வொன்றாகப் புரட்டிப் பாருங்கள். ‘ஹனுமான்: பாய் வாரியர்’, ‘தேசி அட்டா’ இரண்டும் 2009இல் இந்தியாவில் உருவாக்கி இந்தியருக்காக விற்றவை. பிந்தியதில் கபடியும் கில்லியும் உண்டு. அட்டை, கையேடு எல்லாம் இருந்து, விலை ஸ்டிக்கரும் கிழியாமல் இருந்தால் விட்டுவிடாதீர்கள். அந்த ஸ்டிக்கரைப் பிய்க்கவும் வேண்டாம். எங்கே, எவ்வளவுக்கு விற்றது என்பதற்கு அதுதான் சாட்சி.

சுத்தம் செய்வது

வாயால் ஊதாதீர்கள். நாம் எல்லோரும் ஊதியிருக்கிறோம், ஊதினால் ஓடவும் செய்தது. ஆனால் ஓடியதற்குக் காரணம் கேசட்டைக் கழற்றி மறுபடி செருகியதுதான். ஊதியதால் உள்ளே போனது எச்சில் ஈரம். கடல் காற்று வீசும் ஊரில் அந்த ஈரமும் சேர்ந்தால் கேசட்டின் உலோகப் பின்னில் பச்சை பூக்க வேறென்ன வேண்டும்?

சென்னையின் எலெக்ட்ரானிக்ஸ் கடைவீதியான ரிச்சி தெருவில் ‘ஐபிஏ’ என்று கேட்டால் ஐசோப்ரொப்பில் ஆல்கஹால் கொடுப்பார்கள். 99 சதவீதம் என்று போட்டிருப்பதை வாங்குங்கள். காது குடையும் பஞ்சுக் குச்சியில் கொஞ்சம் தொட்டுப் பின்களை நீளவாக்கில் துடைத்தால் குச்சி கறுப்பாகும். கறுப்பு வருவது நிற்கும்வரை குச்சியை மாற்றி மாற்றித் துடைத்து, பத்து நிமிடம் காய விடுங்கள். ரப்பரால் தேய்ப்பதும் உண்டு. பலன் தரும், ஆனால் மேல்பூச்சையும் சேர்த்து உரிக்கும். நகல் கேசட்டில் பூச்சே பெயருக்குத்தான் இருக்கும் என்பதால் ரப்பரை நான் கடைசிக் கட்டத்தில்தான் எடுப்பேன்.

கேசட்டைத் திறக்க வேண்டுமென்றால், நின்டெண்டோ அசல்கள் பலவற்றுக்கு 3.8 மில்லிமீட்டர் கேம்பிட் ஸ்க்ரூடிரைவர் வேண்டும். நகல் கேசட்டில் சாதாரண ஸ்க்ரூ இருக்கும், அல்லது ஸ்க்ரூவே இல்லாமல் பிளாஸ்டிக் கொக்கியால் கவ்வியிருக்கும். என் முதல் கேசட்டைச் சமையலறைக் கத்தியால் நெம்பி இரண்டு கொக்கியை உடைத்தேன். அதற்குப் பிறகு பழைய மெட்ரோ கார்டுதான்.

கேசட்டிலிருந்து பிரதி எடுப்பது

இதற்குப் பழைய கேம் பெட்டியே தேவையில்லை. புதியவர்கள் பலர் பெட்டி ஓடவில்லையே என்று இந்த இடத்தில்தான் நின்றுவிடுகிறார்கள். கேசட்டை நேராகக் கணினியோடு இணைக்கும் ரீடர்கள் உண்டு. நின்டெண்டோவின் கையடக்கப் பெட்டியான கேம் பாய் வகைக்கு ஜிபிஎக்ஸ்கார்ட் என்ற சின்னக் கருவியும் ஃப்ளாஷ்ஜிபிஎக்ஸ் என்ற இலவச மென்பொருளும் போதும். ஒன்றை மட்டும் கவனியுங்கள்: பழைய கேம் பாய் கேசட்டுக்கு 5 வோல்ட், கேம் பாய் அட்வான்ஸ் கேசட்டுக்கு 3.3 வோல்ட். பலவகைக் கேசட்டையும் ஒரே கருவியில் படிக்க வேண்டுமென்றால் ‘சன்னி கார்ட் ரீடர்’ இருக்கிறது. அதன் வரைபடம் எல்லோருக்கும் திறந்தே கிடக்கிறது. சால்டரிங் கை வந்தவர்கள் தாங்களே செய்துகொள்ளலாம். இரண்டுமே வெளிநாட்டுச் சரக்கு. கஸ்டம்ஸ் செலவைத் தனியாகச் செய்வதற்குப் பதில், நாலு பேர் சேர்ந்து ஒன்று வாங்கிச் சுற்றில் விடுவது புத்திசாலித்தனம்.

முதல் கேசட்டுக்கு எல்லோரிடமும் இருக்கும் ஏதாவது ஒரு அசல் விளையாட்டை எடுங்கள். சரிபார்க்க விடைத்தாள் இருக்கும் கணக்கில் பழகுவது மாதிரி இது.

விடைத்தாள் என்று சொன்னது ஹேஷ் எண்ணை. கோப்பில் உள்ள ஒவ்வொரு பைட்டையும் போட்டுக் கணக்கிட்டு வரும் கைரேகை அது. ஒரு பிட் மாறினாலும் எண் முழுக்க மாறிவிடும். விண்டோஸில் செவன்-ஜிப் நிறுவியிருந்தால், கோப்பின் மேல் ரைட் கிளிக் செய்ததும் வரும் மெனுவிலேயே சிஆர்சி, எஸ்ஹெச்ஏ என்ற ஹேஷ் எண்களைக் கணக்கிடும் வசதி உண்டு. கேசட்டுகளுக்கு ‘நோ-இன்ட்ரோ’, டிஸ்குகளுக்கு ‘ரீடம்ப்’ என்று இரண்டு குழுக்கள் சரியான பிரதிகளின் ஹேஷ் பட்டியலைப் பராமரிக்கின்றன. உங்கள் எண் பட்டியலில் இருந்தால் வேலை முடிந்தது.

இல்லையென்றால்? என் அனுபவத்தைச் சொல்கிறேன். ஒரு சாம்பல் நிற கேசட்டை மூன்று முறை படித்தேன், மூன்று முறையும் வேறு வேறு எண். யாரும் பார்க்காத அபூர்வ விளையாட்டு சிக்கிவிட்டது என்று ராத்திரி ஒரு மணிக்கு ஒரே குஷி. காலையில் வெளிச்சத்தில் பார்த்தால் ஒரு பின்னில் மயிரிழை அளவுக்குக் களிம்பு. துடைத்துவிட்டு மறுபடி மூன்று முறை படித்தேன். மூன்றும் ஒரே எண், அதுவும் பட்டியலில் இருந்த எண். சர்வசாதாரண விளையாட்டு! அன்றிலிருந்து இப்படி வைத்திருக்கிறேன்: எதையும் மூன்று முறை, ஒவ்வொரு முறையும் கேசட்டைக் கழற்றிச் செருகிப் படிக்க வேண்டும். எண் மாறிக்கொண்டே இருந்தால் அழுக்கு. மூன்றும் ஒன்றாக இருந்தும் பட்டியலில் இல்லையென்றால், அப்போது குஷிப்படலாம்.

ஃபேமிகாம் வகையில் ஒரு கண்ணி இருக்கிறது. பழைய பெட்டியைப் போலக் கணினியில் நடந்துகொள்ளும் மென்பொருளான எமுலேட்டருக்காகக் கோப்பின் முன்னால் 16 பைட் தலைப்பு ஒன்றைச் சேர்ப்பார்கள். கேசட்டுக்குள் அது கிடையாது. தலைப்போடு கணக்கிட்டால் ஓர் எண், தலைப்பில்லாமல் கணக்கிட்டால் வேறு எண். பட்டியல் எதற்கானது என்று பார்த்துவிட்டு ஒப்பிடுங்கள்.

மஞ்சள் கேசட்

இதற்கு வருவோம். திறந்து பார்த்தால் சிப் என்று எதுவும் தெரியாது. பச்சைப் போர்டின் நடுவே தார் ஊற்றிய மாதிரி ஒன்றிரண்டு கறுப்புப் பொட்டு இருக்கும். சிலிக்கனை நேராகப் போர்டில் ஒட்டி, மேலே எபாக்சியைக் கொட்டிய மலிவு வேலை அது. சுரண்டினால் உள்ளே இருக்கும் மெல்லிய கம்பி அறுந்து எல்லாம் போய்விடும். ஆகவே பின் வழியாகத்தான் படிக்க வேண்டும்.

சிக்கல் என்னவென்றால், பழைய பெட்டியால் ஒரே நேரத்தில் கொஞ்ச நினைவகத்தைத்தான் பார்க்க முடியும். பெரிய கேசட்டுகள் பக்கம் பக்கமாகப் புரட்டிக் காட்டும். அந்தப் புரட்டும் முறைக்கு ‘மேப்பர்’ என்று பெயர். அசல் கேசட்டுகளின் மேப்பர்கள் தெரிந்தவை. மஞ்சள் கேசட் செய்தவர்கள் ஆளுக்கொரு முறை வைத்துக்கொண்டார்கள். ரீடருக்கு முறை தெரியாவிட்டால் முதல் பக்கத்தையே திரும்பத் திரும்பப் படித்து, பெரிய கோப்பு மாதிரி காட்டும். கோப்பின் முதல் பாதியும் இரண்டாம் பாதியும் அச்சு அசல் ஒன்றாக இருந்தால் உஷாராகிவிடுங்கள்.

அந்த இடத்தில் புதியவர் செய்ய வேண்டியது போர்டின் இரண்டு பக்கத்தையும் தெளிவாகப் படம் எடுப்பது. நல்ல பகல் வெளிச்சத்தில், ஃப்ளாஷ் இல்லாமல், போர்டில் அச்சடித்த எண் படிக்கும்படி எடுங்கள். மேப்பர் ஆராய்ச்சி செய்பவர்களுக்குத் தடம் பிடிக்க அதுவே பெரிய உதவி. அப்புறம் கேசட்டை ஓடும் பெட்டி ஒன்றில் போட்டு, மெனுவை ஆரம்பம் முதல் வீடியோ எடுங்கள். என் நோட்டில் ஒரு பக்கம் இப்படி இருக்கிறது:

‘மஞ்சள், 60 பின், ஸ்க்ரூ இல்லை. மேல்தாளில் காரும் கராத்தே வீரரும், உள்ளே இரண்டு விளையாட்டும் இல்லை. மெனுவில் 52 வரி வரை எண்ணினேன், உண்மையில் வெவ்வேறு விளையாட்டு 6. கான்ட்ராவில் 30 உயிர் தானாகவே வருகிறது. பின்பக்கம் பேனாவில் “சுரேஷ் வாடகை 3 நாள்”. பல்லாவரம், 40 ரூபாய்.’

பேனா எழுத்தை ஐபிஏ போட்டு அழித்துவிடாதீர்கள். அழிந்தால் வாடகைக்கு விட்ட கதையும் சேர்ந்து போய்விடும்.

டிஸ்குகள்

பிளேஸ்டேஷன் 1 டிஸ்கைக் கணினியின் சாதாரண டிவிடி டிரைவே படிக்கும். ரீடம்ப் குழுவினர் பயன்படுத்துவது எம்பிஎஃப் என்ற இலவச மென்பொருள். அவர்கள் தரத்துக்கு வேண்டுமென்றால் சில குறிப்பிட்ட டிரைவ்கள்தான் தேறும், வாங்கும் முன் பட்டியலைப் பார்த்துக்கொள்ளுங்கள். புதியவர்கள் செய்யும் பெரிய தப்பு, எல்லாவற்றையும் ஐஎஸ்ஓ கோப்பாக எடுப்பது. பிளேஸ்டேஷன் 1 விளையாட்டுகள் பலவற்றில் பின்னணி இசை, ஆடியோ சிடியில் இருப்பது போல் தனி டிராக்காக இருக்கும். ஐஎஸ்ஓ எடுத்தால் அந்த இசை விடுபட்டுவிடும். எல்லா டிராக்கையும் சேர்த்து எடுக்கும் பின்-க்யூ (bin/cue) வடிவில் எடுங்கள். பிளேஸ்டேஷன் 2 டிவிடிகளுக்கு ஐஎஸ்ஓ சரி. அடிப்பக்கம் நீலமாக இருந்தால் அது டிவிடி அல்ல, சிடி, மறுபடி பின்-க்யூதான்.

டிஸ்கை வட்டமாகத் துடைக்கக் கூடாது. நடுவிலிருந்து விளிம்புக்கு நேர்கோட்டில் துடையுங்கள். சென்னை ஈரத்தில் பூஞ்சை படிந்திருந்தால் பாத்திரம் கழுவும் திரவம் ஒரு சொட்டு விட்ட தண்ணீரில் கழுவி நிழலில் உலர்த்துங்கள். மேல்பக்கம் அச்சு உரிந்து வெளிச்சம் ஊடுருவித் தெரிந்தால் டிஸ்க் போன மாதிரிதான். கிடைத்தவரை படித்துவிட்டு அப்படியே குறித்து வையுங்கள். பர்மா பஜார் டிஸ்குகளில் பெரும்பாலானவை வீட்டு ரைட்டரில் எழுதியவை, அவற்றின் சாயம் நாளாக நாளாக மங்கும். அவற்றில் எனக்கு ஆர்வம் மேல் அட்டையில்தான். எழுத்துப்பிழையோடு, வேறொரு விளையாட்டின் படத்தைப் போட்டு அச்சடித்திருப்பார்கள்.

சேமித்த ஆட்டம்

கேம் பாய், சூப்பர் நின்டெண்டோ கேசட்டுகள் பலவற்றில் நீங்கள் சேமித்த ஆட்டத்தை உயிரோடு வைத்திருப்பது உள்ளே இருக்கும் வட்ட பேட்டரி. கைக்கடிகாரம் மாதிரி நேரமும் ஓடும் போகிமான் கோல்டு, சில்வர் கேசட்டுகளில் அது சீக்கிரம் தீரும். பேட்டரியைக் கழற்றிய நொடியில் சேமித்தது அழியும். ஆகவே முதலில் ரீடரால் சேமிப்புக் கோப்பைப் படித்து வைத்துக்கொண்டு, பிறகுதான் ரிச்சி தெருவுக்குப் போய்ப் புது பேட்டரியைச் சால்டர் செய்யச் சொல்ல வேண்டும். எங்கள் சித்தப்பா மகன் இந்த வரிசையை மாற்றிச் செய்துவிட்டான். 2002இல் தானும் அக்காவும் வளர்த்த போகிமான்கள் போயின. விளையாட்டை எத்தனை முறை வேண்டுமானாலும் பிரதி எடுக்கலாம், அந்த ஆட்டத்தை எடுக்க முடியாது.

தாளும் ஆளும்

தரமணியில் இருக்கும் ரோஜா முத்தையா ஆராய்ச்சி நூலகம் 1994இல் தொடங்கியது. பழைய பாட்டுப் புத்தகம், நாடக நோட்டீஸ் என்று மற்றவர்கள் கசக்கிப் போட்டதை எல்லாம் ஒரு மனிதர் கோட்டையூரில் சேர்த்து வைத்ததால்தான் அந்த நூலகம். கேம் விஷயத்திலும் அந்தக் கண் வேண்டும். கையேடு, வாரண்டி அட்டை, கடை பில், மணிக்கு இவ்வளவு என்று எழுதிய கேம் பார்லர் அட்டை எல்லாவற்றையும் 600 டிபிஐயில் ஸ்கேன் செய்து, டிஃப் கோப்பாக வையுங்கள். பில்லில் பெயர், போன் எண் இருந்தால் பகிரும் பிரதியில் மறையுங்கள்.

பார்லர் நடத்தியவர், கேசட் வாடகைக்கு விட்டவர் யாராவது கிடைத்தால் டீ வாங்கிக் கொடுத்து, அனுமதி கேட்டு, போனில் பேச்சைப் பதிவு செய்யுங்கள். ‘எங்கிருந்து சரக்கு எடுப்பீங்க, எது நல்லா ஓடுச்சு, கரண்ட் போனா காசு திருப்பித் தருவீங்களா’ இப்படிச் சின்னச் சின்னக் கேள்வியாகக் கேட்டால் பேச்சு தானாக வரும். ‘அந்தக் காலம் எப்படி இருந்தது’ என்று கேட்டால் “நல்லா இருந்துச்சு” என்று முடித்துவிடுவார்கள்.

வைக்கும் இடம்

2015 டிசம்பர் வெள்ளத்தில் எங்கள் வீட்டுக்குள் முழங்கால் அளவு தண்ணீர். கேசட் பெட்டியும், அதன் பிரதிகள் இருந்த ஹார்ட் டிஸ்கும் ஒரே கட்டிலுக்கு அடியில் பக்கத்தில் பக்கத்தில் இருந்தன. கேசட்டுகளை நல்ல தண்ணீரில் கழுவிக் காயவைத்துப் பாதியைத் தேற்றினேன், ஹார்ட் டிஸ்க் தேறவில்லை. இப்போது மூன்று பிரதி: ஒன்று கணினியில், இன்னொன்று தனி ஹார்ட் டிஸ்கில், மூன்றாவது மதுரையில் மாமா வீட்டு பீரோவில். பென் டிரைவை நம்பி ஆண்டுக்கணக்கில் வைக்காதீர்கள், மின்சாரம் ஏறாமல் கிடந்தால் அதில் எழுதியது மெல்ல மங்கும்.

அசல் கேசட்டுகளுக்கு, கேமராக்காரர்கள் லென்ஸில் பூஞ்சை பிடிக்காமல் வைக்கும் காற்றுப்புகாத டப்பாவும் சிலிக்கா ஜெல்லும் போதும். நிறம் மாறும் வகை ஜெல்லை வாங்கினால் எப்போது காயவைக்க வேண்டும் என்று அதுவே சொல்லும். ஐப்பசி, கார்த்திகையில் என் டப்பாவில் அது மூன்று வாரம்கூடத் தாங்குவதில்லை.

கோப்பு, படம், குறிப்பு மூன்றையும் ஒரே பெயரில் ஒரே ஃபோல்டரில் போடுங்கள். அதிலேயே ஹேஷ் எண்களை ஒரு டெக்ஸ்ட் கோப்பில் எழுதி வைத்து, வருடம் ஒருமுறை மறுபடி கணக்கிட்டு ஒப்பிடுங்கள். நான் போகி வாரத்திலேயே இதையும் செய்கிறேன். போன தடவை சென்னையில் இருந்த ஹார்ட் டிஸ்கில் ஒரு கோப்பின் எண் மாறியிருந்தது. மாமாவுக்குப் போன் போட்டேன், பொங்கலுக்கு வரும்போது பீரோவில் இருந்ததை எடுத்து வந்தார். அந்தக் கோப்பில் எண் சரியாக இருந்தது.